இருநூற்றுப் பதினைந்து கல்

எட்டுப் பக்கம் அச்செடுத்துக் கொடுத்தார் பெனாசிர் மேடம்.
மை தீர்ந்துவரும் பிரிண்டர்.
கடைசிப் பக்கம் ஏறக்குறைய வெள்ளை.
அந்த வெள்ளையில்தான்
வீடு எங்களுடையதாகிறது.

வாங்கியது இருபத்திரண்டு லட்சம்.
மாதத் தவணை பத்தொன்பதாயிரத்து எழுநூற்றுத் தொண்ணூற்று நான்கு.
அறுபது மாதம். ஒன்றுகூடத் தவறியதில்லை.
கூட்டினால் பன்னிரண்டு லட்சத்தைத் தொட்டுவிடும்.
"அப்ப பாக்கி பத்துதானே மேடம்?"
அவர் சிரிக்கவில்லை. அதற்காகவே அவரைப் பிடிக்கும்.
பேனா முனை போய் நின்ற இடத்தில்
பத்தொன்பதரை லட்சம்.

முதல் தவணையில்
பதினாறாயிரத்து ஐந்நூறு வட்டிக்குப் போயிருக்கிறது.
மீதி மூவாயிரத்துச் சொச்சம்
அசலைக் கிள்ளிப் பார்த்திருக்கிறது.
அன்றைக்கு வங்கி வாசலில்
இரண்டு ரோஸ்மில்க் வாங்கிக் குடித்தோம்,
கடன் அடையத் தொடங்கிவிட்டதென்று.

செக்காலை ரோட்டு லேபில்
ரத்த அணுக்களைக் கட்டம் கட்டமாக எண்ணுகிறவள் நான்.
எண்ணாமல் எதையும் நம்ப முடியாது.
வீட்டுக்கு வந்து சாக்பீஸ் எடுத்தேன்.
மனை எங்களுடையது, என் ஆரத்தை விற்று வாங்கியது.
கட்டடம்தான் கடன்.
தரையில் இருநூற்றுப் பதினைந்து டைல்ஸ் கல்
(ஆத்தங்குடிக் கல் கேட்டிருந்தேன். எஸ்டிமேட்டில் அடிபட்டுப்போயிற்று).
அடைந்த அசலுக்கு இருபத்து நான்கு.
அடுப்படி இருபது.
வெளியே ஃப்ரிட்ஜ் நிற்கிற நான்கு.
சுற்றிக் கோடு கிழித்தேன்.
நாங்கள் படுக்கிற இடம் இன்னும் வங்கியுடையது.

அடைக்கலம் ராத்திரி பத்துக்கு வந்தார்.
கானாடுகாத்தானில் வெளிநாட்டுக்காரர்களை இறக்கி ஏற்றி,
கடல் தாண்டி வட்டிக்கு விட்ட காசு
தேக்கும் கண்ணாடியுமாக நிற்பதைக் காட்டிவிட்டு.
"அதெல்லாம் வட்டி வாங்கிக் கட்டுன வீடு" என்றேன்.
"நம்மளுது வட்டி கட்டி வாங்குற வீடு."
அவர் செருப்பைக் கழற்றாமல்
கோட்டுக்கு அந்தப் பக்கமே நின்றார்.

இன்னொன்றும் சொல்ல வேண்டியிருந்தது.
வட்டி முக்கால் சதவீதம் ஏறியிருக்கிறது.
தவணை ஏறவில்லை, அதனால் நமக்குத் தெரியவில்லை.
மாதங்கள்தான் ஏறியிருக்கின்றன,
நூற்றெண்பது இருக்க வேண்டிய இடத்தில் இருநூறு.
சத்தம் போடாமல் நாலு லட்சம்.

சீட்டுப் பணம் ஒரு லட்சம் வந்திருந்தது.
அவர் அதில் இரும்பு கேட் போடுவதாயிருந்தார்,
மயில் வைத்த கேட், அளவுகூட எடுத்தாயிற்று.
அசலில் கட்டினால்
இருபத்து மூன்று மாதம் குறையும் என்றேன்.
"பாக்குறவனுக்கு மாதமா தெரியும்? கேட்டுதான் தெரியும்."
மூன்று நாள் பேச்சில்லை.
நாலாம் நாள் காலை
கேட்டில்லாத வழியாக ஆடு புகுந்து
கறிவேப்பிலைக் கன்றை மொட்டையடித்துப் போனது.
அவர் அதைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.
ஒன்றும் சொல்லாமல்
வங்கிக்கு வண்டியை எடுத்தார்.

ரசீதை அரிசி டப்பாவுக்கடியில் வைத்துவிட்டு
புதுக்கோடு போடக் குனிந்தேன்.
பத்துக் கல் கூடும், டிவி ஸ்டாண்டு வரை.
ஆனால் பழைய கோட்டைத் தாண்டி
கூடம் முழுக்க யாழினி கட்டம் போட்டிருந்தாள்.
பாண்டி ஆட்டம்.
கண்ணை மூடிக்கொண்டு முகத்தை அண்ணாந்து
ஒற்றைக் காலை வைத்து
"ரைட்டா?" என்கிறாள்.
இன்னொரு கட்டம்.
"ரைட்டா?"

முதுகுப்புறம் எறிந்த சில்லு
நூற்றுச் சில்லறையாவது கல்லில் போய் விழுந்தது,
பதினைந்து வருஷம் தள்ளி.
"பழம்! இது இனிமே என் வீடு.
நீ மிதிக்கக் கூடாது."

"ரைட்டு" என்றேன்.
சாக்பீஸைக் கேட்டு வாங்கிக்கொண்டு
சுற்றிப்போனேன்.