இப்ப

யோரிஸ் வன் ஹெக்க இறந்ததை
அவருடைய மகள் எழுதியிருந்தாள்.
கஸ்தூரியார் வீதிக் கடையில் நான்
ஒரு சாமத்திய வீட்டு வீடியோவில்
கனடா மாமாவின் வழுக்கையில் விழுந்த
ட்ரோன் நிழலை அழித்துக்கொண்டிருந்தேன்.

இரங்கல் குறிப்புக்குச் சில விபரம் வேண்டுமாம்.
தன்னிடம் உள்ளதை முதலில் தந்திருந்தாள்:
பிறப்பு ஒஸ்ரெண்ட். தகப்பனிடம் இறால் படகு.
பதினேழு வயதில் கிளாப் கட்டை பிடித்தவர்.
மாஜரீன் விளம்பரம் நாற்பது.
சைக்கிளோட்டப் பந்தயங்கள்,
மோட்டார்சைக்கிளில் பின்னோக்கிக் குந்தியிருந்து
சேறும் மூக்குச்சளியும் கமராவில் தெறிக்க.
கதைப்படம் பதினொன்று. பரிசு ஒன்று. மனைவி இருவர்.
மழையைப் படமெடுக்கத் தெரிந்த ஆள் என்று
அந்த ஊர்ப் பேப்பர் ஒருமுறை எழுதிற்றாம்.

மழை தெரிந்த ஆள்
சித்திரை வெயிலில் வந்திறங்கினார்.
காங்கேசன்துறை வீதியில் ஒரு வெள்ளை மதில்.
முகத்தைப் பொத்திக்கொண்டு சொன்னார்:
இது வெளிச்சமில்லை, அறை.

கோட்டை வாசலில் காவலாளி,
ஆர், ஒல்லாந்தரோ?
இல்லை, பிளெமிஷ்காரர்.
என்ன பாஷை கதைக்கிறவர்?
ஒல்லாந்தப் பாஷைதான்.
அப்ப ஒல்லாந்தர்தானே!
நான் யோரிசுக்குச் சொன்னேன்.
நீ சென்னைக்குப் போனால் என்ன கேட்பார்கள், என்றார்.
மலையாளமா என்று கேட்பார்கள், என்றேன்.
காவலாளிக்கு விளங்கிவிட்டது. விலகி நின்றான்.

துளைபட்ட சுவர்களுக்குக் கூட்டிப்போனேன்.
வாற வெள்ளையர் எல்லாரும் கேட்பது அதுதான்.
லென்ஸ் மூடியை அவர் கழற்றவேயில்லை.
இதற்கு ஏற்கெனவே நிறையப்பேர் வந்தாச்சு, என்றார்.
பிறகு ஒரு கடையில் இரண்டு றோல்ஸ் தின்றோம்.

ஆறாம் நாள் பண்ணைப் பாலம்.
பின்னேரம் ஆறு மணியிருக்கும்.
களங்கட்டித் தடிகளுக்கிடையே
முழங்கால் தண்ணீரில் ஒரு மனிசன்
தலையில் கூடையோடு நடந்து வருகிறார்.
யோரிஸ் கமராவில் கண்ணை வைத்தார்,
வைத்தபடியே நின்றார்,
வழமையைவிடக் கனநேரம்.
எடுத்தபோது என்னைப் பார்க்கவில்லை.

வலது கண் போய் எட்டு மாதம்.
இடதில் பால் படருது.
மகளுக்குத் தெரியாது. காப்புறுதிக்காரருக்கும்.
வெளிச்சம் கன்னத்தில் படத் தெரியும் எனக்கு,
ஃபோகஸ் தெரியாது. நீ பார்.

முப்பது வருசம் தாலிகட்டு எடுத்தவன் நான்.
இன்னொருக்கால் கட்டுங்கோ என்று
சொல்ல ஏலாத முடிச்சு அது.
மேளம் இறுகும்போதே விரல் தானாய்த் திரும்பும்.
ஆனாலும் அன்று கை நடுங்கிற்று.

ஆறு நாளில் அவர் பொறுக்கிய தமிழ் ஒரே சொல்.
இப்ப? என்றார்.
இல்லை.
இப்ப?
இல்லை.
ஒரு மினிபஸ் பாலத்தை உலுக்கிக்கொண்டு போனது.
இப்ப?
இல்லை, பொறுங்கோ.
மூன்றாம் தடியைக் கூடை தாண்ட
தண்ணீர் ஈயமாய் உறைய
இப்ப, என்றேன்.

ஒன்பது நிமிடம்.
அதுதான் அவருடைய கடைசிப் படத்தின் கடைசி.
கடைசிவரை பிசகாத கண் என்று
அங்கே எழுதுகிறார்களாம்.

மகளின் கேள்வி ஒன்றே ஒன்று.
வெட்டாத ஒலிப்பதிவில், தொடக்கத்தில்,
அப்பாவும் இன்னொருவரும் மாறிமாறி
ஒரு சொல்லைச் சொல்லுகிறார்கள்.
பிரார்த்தனையா?

பிரார்த்தனையில்லை, தங்கச்சி, என்று தட்டினேன்.
தங்கச்சியை அழித்தேன்.
ஒரு மீன்காரருக்காகப் பார்த்துக்கொண்டு நின்றோம்.
வந்து சேர்ந்தாரா என்று உங்கள் அப்பா கேட்டார்.
கொஞ்சம் சுணங்கினார். பிறகு வந்தார்.
வேறென்ன எழுத?
அவருக்கு எங்கள் றோல்ஸ் பிடிக்கும், என்று சேர்த்தேன்.

அனுப்பி முடியவில்லை, போன் அடிக்கிறது.
கனடா மாமா.
தம்பி, வீடியோ எப்ப?
நாளைக்கு, என்றேன்.
அவர் தலையில் இன்னும்
பாதி நிழல் கிடக்கிறது.