மழைக்கு மூடிய நேரம்

கோதுமைக் கப்பலுக்குள் மழை விழக்கூடாது.
முதல் துளி கண்ணாடியில் பட்டதும்
உறிஞ்சுகுழாயைத் தூக்கிவிடுவேன்.
கிடங்கின் வாய்களை மூடுவார்கள்.
பிறகு எல்லோருக்கும் வேலை
வானத்தைப் பார்ப்பதுதான்.

போன கார்த்திகையில் அப்படியொரு மழை.
கப்பல் சமையல்காரன் ரெமிஹியோ,
மணிலாவுக்குத் தெற்கே ஏதோ ஒரு தீவுக்காரன்,
தட்டில் நாலு கொண்டுவந்து வைத்தான்.
பணிசும் இல்லை, விசுக்கோத்தும் இல்லை.
தானே பிளந்துகொள்ளப் போவதுபோல்
இடுப்பில் ஒரு வெடிப்பு.
"ஸ்கோன்," என்றான்.
அவனுடைய ஆங்கிலத்திலும் என்னுடைய ஆங்கிலத்திலும்
செய்முறை பாதிதான் கரை சேர்ந்தது.
மீதியைக் கையால் காட்டினான்,
விரல் நுனிகளைத் தேய்த்துத் தேய்த்து,
மணல் உதிர்ப்பதுபோல்.

இன்று எனக்கு ஓய்வு.
யசோதினிக்கு வாட்டில் காலை முறை,
மூன்றரைக்கு வருவாள்.
அவளுடைய இடமாற்றக் கடிதம்
சீனிப் போத்தலுக்குக் கீழே ஐந்து நாளாய்க் கிடக்கிறது.
மன்னார். முதலாம் திகதியிலிருந்து.
நாங்கள் அதைப்பற்றிப் பேசவில்லை.
சீனி எடுக்கப் போத்தலைத் தூக்கினேன்,
எடுத்தேன்,
அதே வட்டத்தில் திரும்ப வைத்தேன்.

உவர்மலையின் இந்தக் குசினி யன்னலால்
குடாவுக்கு அப்பால் எங்கள் ஆலை தெரியும்.
கடையில் காசு கொடுத்து வாங்கிய மா,
என் குழாய் வழியே ஏறியதாகவும் இருக்கலாம்.
மணிக்கு நூற்றுக்கணக்கில் தொன் இறக்குகிறவன்
அரைக்கிலோ மாவுக்குக் குனிந்து
தராசு முள்ளை முறைத்துக்கொண்டு நின்றேன்.

பட்டர் இந்த வெக்கையில் நிற்காது.
குளிர்பெட்டியால் எடுத்ததும் வியர்த்தது.
கையை ஐஸ்தண்ணியில் முக்கி, துடைத்து,
விரல் நுனியால், மணல், மணல்,
நிலாவெளி மணல் மாதிரி வரும்வரை.
பிளம்ஸ் ஒரு பிடி.
பேரீச்சம்பழம், கொட்டை நீக்கி.
பால், அதற்குள் கொஞ்சம் தேசிக்காய்ப் புளி.

அதற்குப் பிறகுதான் பிழை விட்டேன்.
ரொட்டிக்குக் குழைப்பதுபோல் குழைக்கத் தொடங்கிவிட்டேன்.
அன்று கப்பலிலும் காற்றில் இப்படித்தான் குழைத்துக் காட்ட
ரெமிஹியோ என் மணிக்கட்டைப் பிடித்து நிறுத்தினான்.
தொட்டது காணும் என்று
இந்தக் கைக்கு அதுவரை ஒருவரும் சொன்னதில்லை.

தேத்தண்ணிக் கிளாசைக் கவிழ்த்து வெட்டினேன்.
ஒன்பது வந்தது.
மிச்சம்மீதியைச் சேர்த்துச் செய்த கடைசி
காது மாதிரி இருந்தது.

கறண்ட் ஒருதரம் போய் வந்தது.
போறணை தன் சிவப்பைத் திரும்ப ஏற்றும்வரை
அதன் முன்னால் குந்தியிருந்தேன்.
மணம் படலையைத் தாண்டியிருக்கவேணும்.
புள்ளிமான் ஒன்று,
கொம்பில் யார்வீட்டோ உடுப்புக்கொடிக் கயிறு தொங்க,
மதிலோரம் வந்து நின்றது.
அடி கருகிய ஒன்றை எறிந்தேன்.
முகர்ந்தது.
பக்கத்து வீட்டு வாழைத்தோலே மேல் என்று போய்விட்டது.

மூன்று ஐம்பது.
சப்பாத்துக் கழற்றாமலே கதிரையில் விழுந்தாள்.
தட்டைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.
"ஆர் செய்தது?"
"கப்பலில பழகினது."
பிளந்தாள். ஆவி எழும்பியது.
அன்னாசி ஜாம் ஒரு கரண்டி.
"பிளம்ஸ் முழுக்க ஒரு பக்கத்திலதான் நிக்குது,"
என்றவள் இரண்டாவதையும் எடுத்தாள்.

தேத்தண்ணி பாதியில்
கடிதத்தை அவளே இழுத்தாள்,
சீனிப் போத்தல் சரிய.
துகள் விழ விழ விரித்துவைத்து,
"மன்னாருக்கு நேர பஸ் இருக்கோ?"
"வவுனியாவில மாறவேணும்."
ஐந்து நாளாய் ஆரிடமெல்லாமோ விசாரித்தது
அவ்வளவும் வாயில் வந்தது:
விடிய எத்தனைக்கு முதல் பஸ், எங்கே சாப்பாடு,
வெள்ளிக்கிழமை வெளிக்கிட்டால்
நான் எத்தனை மணிக்கு அங்கே நிற்பேன்.
கேட்டுக்கொண்டே காது ஸ்கோனை இரண்டாய்ப் பிய்த்து
பெரிய துண்டை என் பக்கம் தள்ளினாள்.

குடாவுக்கு மேல் இருட்டிக்கொண்டு வந்தது.
பெய்தால்
நாளைக்கும் கிடங்கு திறக்கமாட்டார்கள்.