பதினொரு விழுக்காடு

கோமோவில் என் வேலை
தண்ணீரை எடைபோடுவது.

ஏரித் தண்ணீரை அல்ல,
அதைப் பயணிகள் படம் பிடித்துக்கொள்வார்கள்.
பொதிக்குள் ஏறிப்
பயணச்சீட்டில்லாமல் வருகிற தண்ணீரை.

கச்சாப் பட்டு காற்றைக் குடிக்கும்.
மழையில் விற்றவனுக்கு லாபம்,
வெயிலில் விற்றவனுக்கு நட்டம்.
அடிதடி ஆகாமலிருக்க ஓர் ஏற்பாடு:
ஒரு சிட்டத்தை உருவி அடுப்பில் தொங்கவிடு,
நூற்று நாற்பது பாகை.
எண் இறங்குவது நிற்கும்வரை நில்.
மிஞ்சிய எலும்பெடையோடு
நூற்றுக்குப் பதினொன்று நீரைக் கூட்டிக்கொள்.
அவ்வளவு நீருக்கு விலை உண்டு.
அதற்கு மேல் ஒரு சொட்டானாலும்
ஆவியாகப் போகட்டும்.

பதினேழு வருடம்.
பட்டைப் பட்டுத்தான் அறிந்தேன்.
குவாங்சிப் பொதியைத் திறந்தால்
சரியாகக் காயாத துணிபோல் ஒரு புழுக்கம்.
பெர்கானாவிலிருந்து வருவது மொறுமொறுவென்று,
கணக்கில் நாங்கள்தான் அதற்கு நீர் வார்ப்போம்.
பரனாச் சாக்கின் தையலில் செம்மண்,
நகக்கண்ணில் ஏறினால் இரண்டு நாள் போகாது.
ருமேனியாவுக்கு ஒரே பெட்டி.
மூன்று வருடமாக அதே பெட்டி, உள்ளே வேறு வேறு பட்டு.

மாதக் கடைசியில் மிலானுக்கு ஓர் அட்டவணை.
எந்த நாடு, எத்தனை கிலோ, கிலோ என்ன விலை,
போன ஆண்டைவிட ஏற்றமா இறக்கமா.
இத்தாலியக் கூடு என்றும் ஒரு வரிசை உண்டு;
சில மாதம் அதில் கைப்பிடியளவு,
சில மாதம் ஒரு சிறு கோடு.
சுழியம் போட ஏனோ கை வருவதில்லை.

பிப்ரவரியில் ஒரு வெள்ளிக்கிழமை
ரொங்கெத்தி கம்பெனிக்குப் பன்னிரண்டு பொதி.
ஐந்து ஏ தரம், இருபது இருபத்திரண்டு டெனியர்.
பிறப்பிடம்: வியட்நாம், பாவோ லாக்.
ஒரே நாட்டை நம்பிப் பிழைக்காதே என்று
பாரிஸ் ஆடை நிறுவனம் கடிதம் போட்டிருந்ததையும்,
வேறு பெயருள்ள பட்டுக்குக் கிலோவுக்கு ஒன்பது டாலர்
கூடத் தருவதாகச் சொன்னதையும்
ஊரே அறியும்.

சிட்டங்களை அடுக்கிக் கட்டினால் அதற்கு
இந்தத் தொழிலில் புத்தகம் என்று பெயர்.
நூலுக்கு வேறென்ன பெயர் வைப்பார்கள்.
நான்காம் பொதி, இரண்டாம் புத்தகம்.
வியட்நாமியச் சீட்டின் அடியில் இன்னொரு சீட்டு,
பாதி கிழித்து, பாதி கிழிக்க மறந்து.
மிச்சமிருந்த எழுத்து சீனம்.
முடிச்சோ,
நான் பதினேழு வருடமாக அவிழ்க்கும் முடிச்சு.

ரொங்கெத்தி மழைக்கோட்டோடு வந்தார்.
மறுக்கவில்லை.
"அங்கே இந்த மாதம் கூடு போதவில்லையாம், மிரெல்லா.
வாங்கிக் கட்டி அனுப்பிவிட்டான்.
எனக்கே போன வாரம்தான் தெரியும்.
முறுக்காலையில் நாற்பத்தொரு பேர் எனக்கு."
பிறகு அடுப்பைக் காட்டி,
"அதைக் கேளேன், பட்டு எந்த ஊர் என்று."

கேட்டேன்.
பத்து புள்ளி எட்டு என்றது.
யோக்கியமான ஈரம்.
எந்த வானத்தினுடையது என்று சொல்லவில்லை.

மதியம் முழுக்க உட்கார்ந்திருந்தேன்.
சீனத்துப் புழு வியட்நாம் பெயரில் வந்து
இத்தாலியச் சாயம் குடித்து
பிரெஞ்சு முத்திரையோடு
ஒசாகாவில் யாரோ ஒருத்தியின் கழுத்தில் அமரும்.
கோடையில் அவள் கழுத்து வியர்க்கும்.
அங்கே பதினொன்றில் நிற்காது.

சான்றிதழில் பிறப்பிடம் என்ற கட்டத்தில்
தெரிவித்தபடி என்று எழுதினேன்.
ஒரே சொல்.
பொய்யில்லை, அவர் தெரிவித்தார்.
இரண்டாம் முறை தெரிவித்ததை எழுதக் கட்டமில்லை.

மாதக் கடைசியில் வியட்நாம் ஏறியிருந்தது.
மிலானில் யாரோ திரைமுன் நின்று
மேல்நோக்கி ஓர் அம்பு வரைந்து
காரணங்கள் மூன்று என்று தொடங்கியிருப்பார்கள்.

கிழிந்த சீட்டு என் மேலங்கிப் பையிலேயே இருந்தது.
ஆளில்லாத நேரத்தில் அதையும் அடுப்பில் வைத்தேன்,
பழக்க தோஷம்.
எண் கொஞ்சம் இறங்கி
நின்றது.