மூன்றரைக்கு விடியல்

கால் ஷீட்டில் என் வேலை ஒரே வரி:
'காட்சி 61. வீட்டின் உள்ளே. விடியல்.'
எடுப்பது பிப்ரவரியில், இரவு மூன்றரை மணிக்கு,
ஹாலிஃபாக்ஸ் மேட்டுத் தெரு ஒன்றில்,
வரிசை வீடுகளின் முதுகுப்புறம்.
ஈரச் சந்தில் கேபிள் இழுத்து
தூக்கி வண்டியை முட்டுக்கொடுத்து நிறுத்தி
பதினெட்டுக் கிலோவாட்டை முப்பதடிக்கு ஏற்றினோம்.
புகைபோக்கிகளுக்கு மேலே நின்றது
இன்னும் கண் திறக்காமல்.

இங்கே எங்களை ஸ்பார்க் என்பார்கள்.
பொறி.
எலி பிடிக்கவும் பொறிதான் வைப்போம்.
இருபத்தொரு வருடமாக
இரண்டு பொருளும் எனக்குப் பொருந்துகின்றன.

பிராட்ஃபோர்டில் கடைகளுக்கு
ஃப்யூஸ் பெட்டி மாற்றிக்கொண்டிருந்தேன்.
மழைநாள். கார் நிறுத்துமிடத்தில்
படப்பிடிப்பு ஜெனரேட்டர் செத்துக் கிடந்தது.
இணைப்புப் பெட்டிக்குள் தண்ணீர். பத்து நிமிஷ வேலை.
டெரன்ஸ் ஹெப்வொர்த் கேட்டார்: நாளைக்கு வருவாயா?
நாளைக்கு என்றால்
மூன்று மாதம் மணல் மூட்டை,
முறுக்கு விழாமல் கேபிள் சுருட்டுவது,
சுடுகிற விளக்கின் தகட்டுக் கதவில்
நிறத்தாளை மரக் கிளிப்பால் மாட்டுவது.
துணி காயப்போடுகிற அதே கிளிப்தான்.
இப்போதும் கோட்டுப் பையில் ஏழெட்டுக் கிடக்கும்.
வாஷிங் மெஷினுக்குள் அவை உருளும்போது
என் பெயர் வீடு முழுக்கக் கேட்கும்.

மைத்துனர் செல்வேந்திரன்
கல்யாணப் பேச்சிலேயே சொன்னார்:
'லைட் பிடிக்கிற வேலையா? விடிஞ்ச மாதிரித்தான்.'
அன்றிலிருந்து எண்ணிவருகிறேன்.
இதோடு முந்நூற்றுப் பன்னிரண்டு விடியல்.
நிலாவைக் கணக்கில் சேர்க்கவில்லை.
மின்னலுக்குத் தனிக் கூலி.

ஒலபிசி செவிலியாக நடிக்கிறார்.
இரவுப்பணி முடித்து வந்து, கோட்டைக் கழற்றாமல்
சமையலறை ஜன்னலருகே நிற்க வேண்டும். அவ்வளவுதான் காட்சி.
இளம் ஒளிப்பதிவாளர் மானிட்டரில் குனிந்து
'முகம் தெரியவில்லை, இன்னும் இரண்டு விளக்கு' என்றான்.

இந்த வாக்கியத்தை எத்தனை தடவை கேட்டிருக்கிறேன்.
கேட்டு, கூட்டியும் இருக்கிறேன்.
மாவு அப்பிய மாதிரிச் சில முகங்கள்
என் கைவேலையாகவே ஊர் ஊராக ஓடின.
இன்று வாய் திறந்தது.
குளிர்தான் காரணமோ என்னவோ.
'இருப்பதில் ஒன்றை அணைத்துப் பார்க்கலாமா?'

அணைத்தோம்.
அலமாரிக் கதவளவு வெள்ளைப் பலகையை
பாத்திரத் தொட்டிக்கு இடப்புறம் சாய்த்து
ஜன்னல் வழி வந்ததை அதில் வாங்கி
அவர் கன்னத்துக்குக் கொடுத்தேன்.
எங்கள் தோலுக்கு நேரே வந்து அறைகிற ஒளி ஆகாது.
பக்கத்தில் வந்து உட்கார வேண்டும்.
கன்ன மேட்டில் ஒரு கோடு விழுந்தது.
மூக்கோரம் செம்பு.
கண்ணுக்குக் கீழே, நடிக்காத களைப்பு.
பலகையை ஒரு சாண் பின்னால் இழுத்தேன்.
ஒளிப்பதிவாளன் ஒன்றும் சொல்லவில்லை.
கேமரா ஓடட்டும் என்றான், மெதுவாக.

நாலாவது டேக்கில் ராபின் பாடத் தொடங்கியது.
வேலி மேல் உட்கார்ந்து, முழு நம்பிக்கையோடு.
ஒலிப்பதிவாளர் க்வெண்டா ஹெட்ஃபோனைப் பிடுங்கி
பறவையின் பரம்பரையையே திட்டினார்.
பதினாலாம் எண் வீட்டில் திரை விலகியது.
இரவுச் சட்டையோடு ஒருவர் வந்து
குப்பைத் தொட்டியைச் சந்துக்கு உருட்டினார்,
கைக்கடிகாரத்தைப் பார்த்தார்,
அதைக் காதில் வைத்துப் பார்த்தார்.
இல்லை ஐயா, இன்னும் நேரமிருக்கிறது,
போய்ப் படுங்கள் என்று கையசைத்தேன்.
அவர் போகவில்லை.
தொட்டிமேல் ஒரு கையூன்றி
கண்ணை மூடிக்கொண்டு
என் வெயிலுக்கு முகத்தைக் காட்டினார்.

ஐந்து மணிக்கு அணைத்தோம்.
ராபின் பாதியில் நின்றது.
விளக்கு ஆறும்வரை இருபது நிமிஷம்
யாரும் அதைத் தொடக்கூடாது.
கடைசிச் சுருள் லாரியில் ஏறியபோது
அசல் விடியல் வந்திருந்தது.
சாம்பல், தட்டை, நிழலே இல்லை.
ஒரு டேக்குக்கும் உதவாது.
அதன் கீழேதான் ஓட்டிக்கொண்டு
வீட்டுக்குப் போனேன்.