நாலாம் ஜுரம்

புழுக்கொட்டகைத் தெர்மாமீட்டர் இருபத்தாறு காட்டுகிறது.
இரவு ஒன்றரை.
எனக்கு மட்டும் கழுத்திலிருந்து கிளம்பி
காது வரை தீ ஏறி இறங்குகிறது.
ரவிக்கையின் இடப்பக்கத்துப் பஞ்சு நனைந்து கனக்கிறது.
புழுக்கள் தின்றபடி இருக்கின்றன,
ஓட்டில் தூறல் விழுகிற சத்தத்தோடு.

தோலுரிக்கும் நாட்களை
மாரண்டஅள்ளிப் பக்கம் ஜுரம் என்போம்.
அப்போது இலை போடக்கூடாது,
தட்டை அசைக்கக்கூடாது.
தலையைத் தூக்கியபடி அது தனியாக
உள்ளே எதையோ முடித்துக்கொள்ளும்.
நாலு ஜுரம் தாண்டினால் பிழைத்தது.
எனக்கு அறுவை, ஊசி, கரண்ட் வைத்தது
என்று மூன்று ஆயிற்று.
நாலாவது இந்த மாத்திரை.
ஐந்து வருஷம்.

தருமபுரி பெரிய ஆஸ்பத்திரியில்
ரிப்போர்ட்டைப் பார்த்து பாசிட்டிவ் என்றதும்
மாதேசன் முகம் மலர்ந்தது.
நல்லது என்று நினைத்துவிட்டார், பாவம்.
டாக்டரம்மா பேனாவை மூடினாள்.
"என்ன தொழில்?"
பட்டுப்புழு என்றேன்.
"அப்போ சுலபம்.
உங்க உடம்புல ஊறுற ஹார்மோன்தான்
அந்தக் கட்டிக்கு இலை.
மாத்திரை போய் அதோட வாயில உட்கார்ந்துக்கும்."

சட்டைப் பொத்தான் அளவு. வெள்ளை.
பதிமூன்றில் என்னைக் குச்சுக்குள் உட்கார வைத்ததும்
பிள்ளைக்காக மார் கனத்ததும்
இதே ஊற்றுதானாம்.
கெட்டதா என்று கேட்டேன்.
"அது அதோட வேலையைத்தான் பார்க்குது."

மகளுக்கு மூன்று மாதமாய் வரவில்லை.
முகவாயில் முடி; பாலக்கோட்டுப் பார்லரில் நூல் வைக்கிறாள்.
"எனக்கும் ஹார்மோன்தாம்மா" என்கிறாள்,
இருவருக்கும் ஒரே பஸ் தப்பியதுபோல.

விடியலில் முதல் புழுக்கள் பழுத்தன,
நூற்றுக்கு ஐந்து, கண்ணாடி மஞ்சளாய்.
மீதியும் சேர்ந்து பழுக்க
ஒரு சின்னக் குப்பி உண்டு,
தண்ணீரில் கலந்து இலையில் தெளிப்பது.
அதுவும் ஹார்மோன்.
போன தடவை வரை மருந்து என்றே சொல்லிவந்தேன்.
குப்பியைத் திறக்கையில் கை நின்றது.
எனக்கு வாயடைப்பு.
இவற்றுக்கு நான் ஊட்டுகிறேன்.

சுவரோரத்து அடுக்கை மட்டும் தெளிக்காமல் விட்டேன்.
ஏன் என்றால் சொல்லத் தெரியாது.

மற்றவை மறுநாள் இரவுக்குள் சந்திரிகை ஏறின.
அந்த அடுக்கு
இன்னும் ஒன்றரை நாள் இலை கேட்டது.
"கூலி எவன் தருவான்" என்று கத்திய மாதேசன்
பிறகு அவரே போய் அரிந்து வந்தார்.

கூட்டுச் சந்தையில் அதைத் தனியாகக் கொட்டினோம்.
அதே விலைக்குத்தான் போயிற்று.
ஒரு ரூபாய் கூடவும் இல்லை,
குறையவும் இல்லை.

புழுவின் வயதைச் சாக்பீஸால் எழுதும் சுவரில்
மூலையில் என் கணக்கு:
விழுங்கியது நூற்றுப் பதினொன்று.
மீதி ஆயிரத்து எழுநூற்றுச் சொச்சம்.
புதன்கிழமை அடுத்த முட்டை வருகிறது.
கொட்டகையைக் கழுவ வேண்டும்.