பயிற்சி எதிரி

ஹாலிஃபாக்ஸில் எங்களுக்குச் சம்பளம்
சாவதற்கு.
காலையில் பனிமூட்டத்தின் கீழே மூழ்குவோம்.
கனடாக்காரர்களின் போர்க்கப்பல்
ஒலியை ஊசியாக்கிக் கடலைத் துழாவும்.
குத்திவிட்டால் ஒரு கைக்குண்டு, சின்னது,
தகரக் குவளை நசுங்குகிற சத்தம்.
மஞ்சள் புகை விடுவோம்:
செத்தோம், சரி, அடுத்தது.

திங்களன்று நான்கு முறை. செவ்வாய் ஆறு,
அதில் ஒன்று திமிங்கிலத்துக்கு விழவேண்டியது.
எங்களைக் கொன்ற பொடியன் எலோய் கோமோ
இரவு மதுக்கடையில் பியர் வாங்கித் தந்தான்,
காது இன்னும் சிவந்திருந்தது அவனுக்கு.

நேற்று எவனும் கண்டுபிடிக்கவில்லை.
மூன்று மணி நேரம்.
விசிறிகள் நின்றிருந்தன. டீசல், ஈரக் கம்பளி, நாங்கள்.
ட்ரெஜென்சா மனைவியின் கடிதத்தை
விரித்தான், மடித்தான், தாள் முனகாமல்.
ஜெயிக்கிறோம் என்று கேப்டன் உதட்டை மட்டும் அசைத்தார்.
ஒரு முகமும் மலரவில்லை.

அப்போது சமையல்கட்டில் கரண்டி விழுந்தது.
கைதவறி, என்றான் ஸ்பார்கோ பிறகு.
அட்லாண்டிக் புயலிலும் சூப் சிந்தாத கை அது.

டிங்.
கொஞ்சம் கழித்து, கிட்டத்தில், டிங்.

குண்டு இன்னும் விழவில்லை.
புகைக்குப்பியின் மேல்
என் கை
ஏற்கெனவே இருந்தது.