வண்டி நிறுத்துமிடம்

வரைபடத்தில் மலைக்கு ஒரு பேர் உண்டு.
நாங்கள் 'அவன்' என்போம்.
இன்று அவன் தெரிகிறான், இன்று அவனைக் காணோம்:
இந்தக் கரையில் அவ்வளவுதான் வானிலை அறிக்கை.

ஃபியோர்டின் நீரிலிருந்து நேராக எழும்பிய
வழுவழுத்த கருங்கல்.
போலந்திலிருந்து வருகிறார்கள், செக்கிலிருந்து, ஆஸ்லோவிலிருந்து,
இடுப்பில் இரும்பு கலகலக்க,
மணி கட்டிய மாடுகள் மாதிரி.

என் வேலை வண்டிகளை எண்ணுவது.
நாளுக்கு நூறு குரோனர்,
காபி டின்னில் போட்டுவிட்டு ஏறலாம்.
இரவு பத்துக்கு ஒருமுறை எண்ணுவேன்.
இரவு என்பது பேச்சுக்கு.
ஜூனில் இங்கே சூரியன் கடலைத் தொடப் போய்
மனம் மாறித் திரும்புகிறது.
இருட்டாத ஊரில்
யாரையும் 'நேரமாகிவிட்டது' என்று சொல்ல முடிவதில்லை.

செவ்வாய், பதினேழு வண்டி.
புதன், ஒன்பது.
வியாழன் மழை. ஒன்று.

சாம்பல் நிறம்.
கண்ணாடியில் கையைக் குவித்துப் பார்த்திருக்கக் கூடாது.
பின்னால் குழந்தை இருக்கை,
அதன் வாரில் சிக்கிய பாதி பிஸ்கட்.

மீட்புக் குழு ஐவின்டுக்கு ஃபோன் செய்தேன்.
மேகம் இடுப்புவரை இறங்கிவிட்டது,
ஹெலிகாப்டர் வராது, விடியட்டும் என்றான்.
எப்போது விடியும், ஐவின்ட்?
அவன் சிரிக்கவில்லை.

ஐம்பத்தொரு வருஷம் அடிவாரத்தில் இருந்தும்
நீ ஏன் ஏறவில்லை, குன்வோர், என்பவர்களிடம்
சமைக்கிறவள் அடுப்பில் ஏறி உட்காருவாளா என்பேன்.
அன்று பைனாகுலரால் ஏறினேன்.
பிளவு பிளவாக, விரல் நுழையும் விளிம்பெல்லாம் விடாமல்.
சிவப்பாக ஒன்று தட்டுப்பட்டு
மூச்சு நின்று
பார்த்தால் கற்பாசி.

வெள்ளி நாலரைக்கு, யாரும் வராத திசையிலிருந்து,
கரையோரமாக இருவர் நடந்து வந்தார்கள்.
அவளுக்கு ஒரு காலில் பூட்ஸ், மறுகாலில் சுற்றிய துண்டு.
மேகத்தில் வழி தவறி மறுபக்கம் இறங்கிவிட்டோம்,
பாறை இடுக்கில் இரண்டு ராத்திரி,
சாக்லேட் நேற்றே தீர்ந்தது...
அதற்குள் அவன் பர்ஸைத் திறந்துவிட்டான்:
மூன்று நாளுக்கு எவ்வளவு?

முந்நூறு என்றேன்.
திட்டுவதற்குச் சேர்த்துவைத்த அத்தனையும்
அந்த எண்ணாகத்தான் வெளியே வந்தது.
வாங்கி எண்ணினேன். மறுபடி எண்ணினேன்.
மூன்றே மூன்று நோட்டு,
கணக்கு ஒத்துவர வெகுநேரம் ஆயிற்று.

வண்டி போன இடத்தில்
சரளைக்கல் மேல் ஓர் உலர்ந்த நீள்சதுரம்.
தூறல் விட்டபாடில்லை.
அது முழுக்க நனையும்வரை
டின்னைக் கையில் பிடித்தபடி நின்றேன்.